கத்தரிக்கோலுக்குப் பின்னால் ஒரு பெண்மணி

நான் ஆசிரியபீடத்தில் சேர்ந்த காலத்தில் என் செய்திகளைத் திருத்திய மூத்த உதவி ஆசிரியர் ஒருவரின் பெயர் ஒரு நாளும் பத்திரிகையில் அச்சானதில்லை. இரவிரவாக நான் எழுதிய நான்கு பக்கங்களை அவர் அரைப் பக்கமாக்குவார். எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வரும். எதை நீக்கினார் என்பது மட்டுமல்ல, எஞ்சியதை எந்தச் செய்திக்குப் பக்கத்தில் வைத்தார் என்பதும் முக்கியம் என்று விளங்கப் பல ஆண்டுகள் சென்றன. ஜேர்மன் படத்தொகுப்பாளர் பெயாட்டே மைன்கா யெல்லிங்ஹவுஸைப் பற்றி அறிந்தபோது அந்த மனிதரே நினைவுக்கு வந்தார்.

1962இல் ஒபர்ஹவுசன் நகரில் 26 இளம் படைப்பாளிகள் பழைய சினிமா மாண்டுவிட்டதென அறிக்கை விடுத்தனர். அவர்களுள் ஒருவரான அலெக்சாண்டர் குளூகே 1966இல் வெளியிட்ட முதல் முழுநீளப் படத்தைத் தொகுத்தவர் இந்தப் பெண்மணிதான். செய்திப்படத் துண்டுகளையும் நிழற்படங்களையும் கதையோடு கலந்து சொல்லும் குளூகேயின் பாணி தொகுப்பு மேசையிலேயே உருவானது.

வேர்ணர் ஹெர்சோக்கும் இவரிடம் வந்தார். தமது முதல் முழுநீளப் படத்தின் சுருள் ஒன்றை இவர் பின்புறமாக, அதிவேகமாக ஓட்டிப் பார்த்துவிட்டு, தேறாது என்று குப்பையில் எறிந்ததை ஹெர்சோக் பின்னாளில் விவரித்திருக்கிறார். அப்போது அவர் அதிர்ந்துபோனார். சில வாரங்களின் பின் இவர் சொன்னதே சரியென்று கண்டார். அந்தப் படம் 1968இல் பேர்லினில் வெள்ளிக் கரடி விருது பெற்றது. ஆயினும் ஹெர்சோக்கின் படங்கள் பெரும்பாலானவை இவருக்குப் பிடிக்கவில்லையாம். முதற்காட்சிகளுக்கும் செல்லமாட்டாராம்!

கண்ணும் காதும் இழந்தோரின் உலகைக் காட்டிய 1971ஆம் ஆண்டு ஆவணப்படத்தைத் தொகுத்தவரும் இவரே. 1976இல் கரிபியன் தீவான குவாதலூப்பில் எரிமலை வெடிக்குமென அஞ்சிப் பல்லாயிரம் மக்கள் வெளியேற்றப்பட்டனர். ஹெர்சோக் அங்கே ஓடினார். எரிமலை வெடிக்கவில்லை. எஞ்சியவை வெறிச்சோடிய வீதிகளும், வெளியேற மறுத்த மனிதர் சிலருமே. நடக்காத ஒரு பேரழிவை அரைமணி நேரப் படமாக்கியதில் தொகுப்பாளரின் பொறுமை தெரிகிறது. நிகழாத சம்பவத்தைச் செய்தியாக்குவது எவ்வளவு கடினம் என்பது நிருபர்களுக்குத் தெரியும்.

ஆனால் நான் முதன்மையாகக் கருதுவது 1978இல் வெளிவந்த 'இலையுதிர்காலத்தில் ஜேர்மனி' என்ற கூட்டுப் படத்தையே. 1977 செப்டெம்பரில் தொழிலதிபர் சங்கத் தலைவர் ஷ்லையரைத் தீவிர இடதுசாரிக் குழுவினர் கடத்திப் பின்னர் கொன்றனர். ஒக்டோபர் 18ஆந் திகதி அக்குழுவின் தலைவர்கள் மூவர் ஸ்டம்ஹைம் சிறையில் இறந்து கிடந்தனர். நாடே அச்சத்தில் உறைந்திருந்தது. பலர் எடுத்த பகுதிகளை ஒரே படமாக இணைத்ததில் குளூகேயோடு இவரின் பங்கு பெரியது. இயக்குநர் பட்டியலிலும் இவர் பெயர் உண்டு.

படத்தின் தொடக்கத்தில் ஷ்லையரின் அரச மரியாதைச் சடங்கு. முடிவில் அந்த மூவரின் நல்லடக்கம், சூழப் பொலிஸார். இடையில் 1944ஆம் ஆண்டுச் செய்திப்படம்: ஹிட்லர் ஆட்சி தற்கொலைக்குத் தள்ளிய தளபதி ரொம்மலுக்கு அதே ஆட்சி நடத்திய அரச மரியாதைச் சடங்கு. அங்கே நின்ற 15 வயது மகன் மன்ஃபிரெட் ரொம்மல்தான் 1977இல் ஸ்டுட்கார்ட் நகர முதல்வர். எதிர்ப்பு எழுந்தபோதும், பகை சாவோடு முடியவேண்டும் என்ற நிலைப்பாட்டில் நின்று அம்மூவரையும் நகரின் மயானத்தில் புதைக்க இடமளித்தவர் அவரே.

கொலையை அந்தப் படம் நியாயப்படுத்தவில்லை. எந்தச் சாவைக் காட்டலாம், எதை மறைக்கவேண்டும் என்று அரசும் பத்திரிகைகளும் தீர்மானித்த வேளையில், தொகுப்பு மேசையில் எல்லாச் சாவுகளும் அருகருகே வைக்கப்பட்டன. முடிவு பார்ப்பவரிடம் விடப்பட்டது.

1984வரை ஹெர்சோக்கோடு பணியாற்றிய இவரின் பெயர், இயக்குநர்களின் பெயரைப் போல் பரவவில்லை. என் உதவி ஆசிரியரும் பெயரின்றியே மறைந்தார். அவர் வெட்டிய பக்கங்களில் ஒன்றையேனும் நான் பத்திரப்படுத்தவில்லை. அவை இல்லாததால் பத்திரிகைக்கு ஒரு குறையும் வந்ததில்லை என்பதை இன்று ஒப்புக்கொள்கிறேன்.