பாலைவனத்தில் இழுத்த தடம்: கெய்ரோ–பாக்தாத் வான்வழி அஞ்சல்

முதல் உலகப்போருக்குப் பின் தொலைநாடுகளை இணைக்கத் தொடங்கிய வான்வழிகள் முதலில் தரையில் அமைக்கப்பட்டவை. இறங்குதளமும் எரிபொருள் கிடங்கும் கிணறும் காவற்கோட்டையும், இவற்றோடு வழியிலுள்ள குடித்தலைவர்களுடனும் அண்டை அரசுகளுடனும் செய்துகொண்ட உடன்படிக்கைகளும் கைகூடிய இடங்களில்தான் அன்றைய விமானம் பறந்தது. அவை கைகூடாத நிலப்பரப்பை அது சுற்றிக்கொண்டு சென்றது. கெய்ரோவையும் பாக்தாதையும் இணைத்து 1921இல் தொடங்கப்பட்ட அஞ்சல் வழியில் இந்த உண்மை மிகத் தெளிவாகப் புலப்படுகிறது. அங்கே விமானிகள் கண்ணை எடுக்காமல் பின்பற்றிச் சென்ற வழி, பாலைவனத் தரையின் மீதே கீறப்பட்டிருந்தது.

போரின் முடிவில் உதுமானியப் பேரரசு சிதறியபோது இராக், பாலஸ்தீனம், டிரான்ஸ்ஜோர்தான் ஆகிய நிலங்கள் பிரிட்டனின் பொறுப்புக்கு வந்தன. 1920இல் இராக்கில் பரவிய கிளர்ச்சியை அடக்குவதற்கு, இந்தியாவிலிருந்து வரவழைக்கப்பட்ட படைகளையும் சேர்த்துப் பெரும் சேனையை நிறுத்த வேண்டியிருந்ததால் செலவு கட்டுக்கடங்காமல் போயிற்று. குடியேற்ற நாடுகளுக்கான அமைச்சராக இருந்த வின்ஸ்டன் சர்ச்சில் 1921 மார்ச்சில் கெய்ரோவில் கூட்டிய மாநாட்டில், தரைப்படையைக் குறைத்து அதன் இடத்தில் அரச விமானப்படையை வைத்து இராக்கைக் கட்டுக்குள் வைப்பது என்று முடிவாயிற்று. அப்படிச் செய்வதானால் எகிப்திலுள்ள விமானத் தொகுதிகளை இராக்குக்கும் இராக்கிலுள்ளவற்றை எகிப்துக்கும் விரைந்து நகர்த்தும் வழி வேண்டும். அஞ்சல் வழி இந்தப் படைத்தேவையிலிருந்தே பிறந்தது.

பாக்தாதுக்குப் பாலைவனத்தின் குறுக்கே கடிதம் செல்வது புதிய செய்தியன்று. கிழக்கிந்தியக் கம்பெனியின் காலத்திலேயே பாஸ்ராவுக்கும் அலெப்போவுக்கும் இடையே ஒட்டக அஞ்சல் ஓடியது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் டமாஸ்கசுக்கும் பாக்தாதுக்கும் இடையிலும் அவ்வாறே நடந்தது. ஆயினும் 1921இல் லண்டனில் எழுதப்பட்ட கடிதம் ஒன்று சூயஸ் கால்வாய் வழியாகப் பம்பாய்க்கு வந்து, மீண்டும் கப்பலேறிப் பாரசீக வளைகுடாவைக் கடந்து, டைகிரிஸ் ஆற்றின் வழியே பாக்தாதை அடைய ஏறத்தாழ 28 நாட்கள் ஆயின. புதிய வழி திறந்தபின் அது ஒன்பது, பத்து நாட்களாகக் குறைந்தது.

வழியின் மொத்த நீளம் 1,300 கி.மீ.க்கு மேல். கெய்ரோவிலிருந்து சினாயைக் கடந்து காஸா, சாக்கடல், அம்மான் வரையிலான பகுதி ஓரளவு அறிமுகமானது. அம்மானிலிருந்து யூப்ரடீஸ் கரையிலுள்ள ரமாதி வரை கிடந்த 700 கி.மீ.க்கும் மேற்பட்ட பாலைவனமே சிக்கலாக இருந்தது. 1921ஆம் ஆண்டின் கோடையில், அம்மான் பக்கத்திலிருந்து ஒரு குழுவும் பாக்தாத் பக்கத்திலிருந்து மற்றொன்றும் மோட்டார் வண்டிகளில் புறப்பட்டு, வானில் துணைவந்த விமானங்களின் உதவியோடு வழியைத் தேடின. அந்த வண்டிகளின் சக்கரங்கள் பதித்த சுவடே வழிகாட்டும் கோடாயிற்று; சுவடு பதியாத கடினமான இடங்களிலும் எளிதில் அழிந்துபோகும் இடங்களிலும் டிராக்டரில் கலப்பை பூட்டி நீண்ட சால் உழுதார்கள். இடையிடையே தேர்ந்தெடுத்த இறங்குதளங்களை வானிலிருந்து காணும்படி வட்டமிட்டு, மேற்குப் பாதியில் ஆங்கில எழுத்துகளையும் கிழக்குப் பாதியில் ரோமன் எண்களையும் தரையில் பெரிதாகப் பொறித்தார்கள். பயிர் விளையாத மண்ணில் பல நூறு கிலோமீட்டருக்குச் சால் உழுத இந்த வேலை, விமான வரலாற்றில் அதற்குரிய இடத்தை இன்னும் பெறவில்லை என்றே சொல்ல வேண்டும்.

அந்த நிலம் ஒரே தன்மையுடையதன்று. அஸ்ரக் சோலைக்குக் கிழக்கே, பழைய எரிமலைகள் கக்கிய குழம்பு இறுகி உடைந்த கருங்கற்கள், பசால்ட் எனப்படும் பாறை வகை, மைல் கணக்கில் பரவிக் கிடக்கின்றன. இயந்திரம் நின்றால் இறங்குவதற்கு அங்கே இடமே இல்லை என்பதால் விமானிகள் மிகவும் அஞ்சிய பகுதி அதுவே. அக்கற்பரப்பின் நடுவிலும் அதற்கு அப்பாலும், மழைநீர் வந்து தேங்கி வற்றியதால் மேசைபோல் சமனான களிமண் படுகைகள் ஆங்காங்கே உள்ளன. இறங்குதளங்களில் பல இவற்றில்தான் அமைந்தன. கோடையில் இவற்றைவிட நல்ல தளம் கிடையாது. குளிர்கால மழை பெய்துவிட்டாலோ, படுகை ஏரியாகிவிடும், உழுத சாலும் சக்கரச் சுவடும் நீருக்கடியில் மறைந்துவிடும். தடத்தைத் தவறவிட்ட விமானி கடைசியாகத் தெரிந்த இடத்துக்குத் திரும்பி வட்டமிட்டுத் தேடுவதே பாதுகாப்பான முறையாகக் கொள்ளப்பட்டது. திசைகாட்டியை மட்டும் நம்பி முன்னேறியவர், பின்னால் தேடி வருவோருக்கும் அகப்படாத இடத்தில் இறங்க நேரிடலாம்.

தொடக்கத்தில் போர்க்காலத்து ஒற்றை இயந்திர விமானங்களும், பின்னர் விக்கர்ஸ் வெர்னன் என்ற இரட்டை இயந்திர விமானமும் இவ்வழியில் பறந்தன. துருப்புகளை ஏற்றிச் செல்வதற்கென்றே உருவாக்கப்பட்ட முதல் விமான வகைகளுள் ஒன்றான வெர்னன் மணிக்கு ஏறத்தாழ 120 கி.மீ. வேகத்தில்தான் சென்றது, வலுத்த எதிர்க்காற்று அடித்தால் தரையில் ஓடும் வண்டியைவிட அதிகம் முந்த அதனால் இயலவில்லை. பாலைவன வெப்பம் இரு வகையில் அதை வாட்டியது. சூடான காற்று அடர்த்தி குறைந்தது, ஆகவே இறக்கைகள் பெறும் தூக்குவிசையும் குறையும். அதே வெப்பத்தில் இயந்திரத்தைக் குளிர்விக்கும் நீரும் கொதித்து ஆவியாகும். இதனால் விடியுமுன் புறப்பட்டு நண்பகலுக்குள் இறங்கிவிடுவதையே விமானிகள் விரும்பினர். பழுதானால் இறங்கி, தாங்களே பழுது நீக்கி, இரவைப் பாலைவனத்தில் கழித்து மறுநாள் தொடர்வது வழக்கமான நிகழ்ச்சி. இவ்வழியில் பறந்த 45ஆம் தொகுதிக்குத் தலைமை தாங்கிய ராடரிக் ஹில், இந்த அனுபவங்களை 1929இல் ஒரு நூலாக எழுதினார்.

இதே 45ஆம் தொகுதியின் மற்றொரு செயலையும் இங்கே பதிவு செய்தாக வேண்டும். 1922 அக்டோபரில் இராக்கின் படைப்பொறுப்பு முழுவதும் விமானப்படையின் கைக்கு வந்தது. அதையடுத்து இத்தொகுதியின் தலைவரான ஆர்தர் ஹாரிஸ், அஞ்சலும் துருப்புகளும் சுமந்த வெர்னன் விமானங்களில் குண்டுதாங்கிகளைப் பொருத்தி, குறிபார்ப்பதற்கு மூக்குப் பகுதியில் துளையிட்டு, அவற்றைக் குண்டுவீச்சு விமானங்களாகவும் மாற்றினார். ஆட்சிக்குப் பணியாத குடிகளின் ஊர்கள் மீது குண்டு வீசப்பட்டது. இரண்டாம் உலகப்போரில் ஜெர்மன் நகரங்கள் மீதான குண்டுவீச்சை நடத்திய தளபதியும் இவரே. பாக்தாத் அஞ்சலின் துணிவையும் திறனையும் போற்றும் நூல்கள் பல இச்செய்தியை ஒதுக்கிவைக்கின்றன. கடிதம் வந்த வழியும் குண்டு வந்த வழியும் ஒன்றே என்பதை மறைத்து எழுதும் வரலாறு, அந்த ஊர்களில் வாழ்ந்தவர்களுக்கு நீதி செய்யாது.

வான்வழி நாட்டெல்லைகளையும் மாற்றியது. 1925 நவம்பரில் பிரிட்டனும் நஜ்த் நாட்டு சுல்தான் இப்னு சவூதும் செய்துகொண்ட ஹத்தா உடன்படிக்கையில், டிரான்ஸ்ஜோர்தானின் எல்லை கிழக்கே நீண்டு இராக்கைத் தொடும்படி வகுக்கப்பட்டது. சவூதி ஆட்சிப்பரப்பு சிரியாவரை நீண்டு இத்தடத்தை இடையில் அறுத்துவிடாமல் காப்பது அதன் நோக்கங்களுள் ஒன்று. இன்றைய ஜோர்தான் நாட்டின் வரைபடத்தில் இராக்கை நோக்கிக் கைபோல் நீளும் பகுதி இவ்வாறு அமைந்ததே.

தடத்தைத் தேடிக் கீழே பார்த்துக்கொண்டே பறந்ததன் பயனாக, ஒருவரும் எதிர்பாராத கண்டுபிடிப்பு ஒன்றும் நிகழ்ந்தது. கருங்கற்பரப்பின் மேல், தரையில் நிற்பவருக்கு வெறும் கற்குவியலாகத் தோன்றும் தாழ்ந்த சுவர்கள், வானிலிருந்து பார்க்கும்போது ஒழுங்கான உருவங்களாகத் தெரிந்தன. நீண்ட இரு சுவர்கள் மெல்ல நெருங்கி, சிறு அறைகள் சூழ்ந்த ஓர் அடைப்பில் முடியும் அமைப்பை, வால் தொங்கும் பட்டத்தின் வடிவை ஒத்திருந்ததால், விமானிகள் பட்டம் என்றே அழைத்தனர். அவை முன்னோர் செய்தவை என்று பதூயின் எனப்படும் நாடோடி மக்கள் கூறினர். விமானப்படை அதிகாரி பெர்சி மைட்லண்ட் இவற்றைப் படங்களோடு விவரித்து 1927இல் ‘ஆன்டிக்விட்டி’ என்ற தொல்லியல் இதழில் எழுதினார். மான் கூட்டங்களை விரட்டி அடைப்புக்குள் வீழ்த்துவதற்குக் கட்டிய வேட்டைப் பொறிகள் இவை என்பதே இன்றைய அறிஞர்களின் பொதுக் கருத்து. ஜோர்தானில் அகழ்ந்தாராயப்பட்ட சில, ஏறத்தாழ 9,000 ஆண்டுகள் பழமையானவை.

1927 ஜனவரியில் கெய்ரோ–பாஸ்ரா வழியை விமானப்படையிடமிருந்து இம்பீரியல் ஏர்வேஸ் நிறுவனம் ஏற்றுக்கொண்டது. அதற்கென்று செய்யப்பட்ட டி ஹாவிலண்ட் ஹெர்குலிஸ் விமானத்தில் மூன்று இயந்திரங்கள் இருந்தன. ஒன்று நின்றாலும் கருங்கற்பரப்பைக் கடந்துவிட வேண்டும் என்ற கணக்கே இதற்குக் காரணம். இக்காலத்தில் பாலைவன நடுவே ருத்பா என்னும் கிணற்றடி முதன்மை பெற்றது. இராக் அரசு அங்கே கட்டிய சதுரக் கோட்டைக்குள் காவல் நிலையமும் கம்பியில்லாத் தந்தி நிலையமும் பயணிகள் உண்டு உறங்கும் அறைகளும் இருந்தன. நியூசிலாந்துச் சகோதரர்களான நார்மன், ஜெரால்ட் நெய்ர்ன் ஆகியோர் 1923 முதல் டமாஸ்கசிலிருந்து பாக்தாதுக்கு ஓட்டிய மோட்டார் வண்டிகளும் ருத்பாவிலேயே தங்கிச் சென்றன. எழுத்தாளர் அகதா கிறிஸ்டி 1928இல் பாக்தாத் சென்றது இவ்வண்டியில்தான்.

1929 மார்ச் 30 அன்று லண்டனிலிருந்து கராச்சிக்கான சேவை தொடங்கியது. பயணம் ஏழு நாட்கள். இத்தாலி தன் எல்லைக்குள் நிலவழியே பறக்க இசையாததால் பயணிகள் ஸ்விட்சர்லாந்தின் பாசெல் நகரில் இறங்கி ஜெனோவா வரை ரயிலில் செல்ல வேண்டியிருந்தது. அங்கிருந்து நீரில் இறங்கும் பறக்கும் படகில் அலெக்சாண்ட்ரியா, பிறகு மீண்டும் தரை விமானத்தில் காஸா, ருத்பா, பாக்தாத், பாஸ்ரா. பாரசீகம் தன் கரையைப் பயன்படுத்த நெடுங்காலம் இழுத்தடித்து மூன்றாண்டுகளுக்கு மட்டும் இடம் கொடுத்ததால், 1932இல் வழி அரேபியக் கரைக்கு மாறி, ஷார்ஜாவில் புதிய தங்குகோட்டை எழுந்தது. அதே ஆண்டு அக்டோபர் 15 அன்று, இம்பீரியல் ஏர்வேஸ் கொண்டுவந்த அஞ்சலைக் கராச்சியில் ஏற்றிக்கொண்ட ஜே. ஆர். டி. டாட்டா, சிறிய புஸ் மாத் விமானத்தில் அகமதாபாத் வழியாகப் பம்பாய் வந்து சேர்ந்தார். அங்கே அஞ்சலைப் பெற்ற நெவில் வின்ட்சென்ட் பெல்லாரி வழியாக மறுநாள் சென்னைக்குக் கொண்டுவந்தார். சென்னை வணிகர் ஒருவரின் கைக்கு அன்று வந்த லண்டன் கடிதம், உழுத சாலின் மேலே பறந்து வந்ததே.

தடத்தின் தேவை விரைவில் குறைந்தது. 1930களின் நடுவில் கிர்குக்கிலிருந்து ஹைஃபாவுக்குப் பதிக்கப்பட்ட எண்ணெய்க் குழாயும் அதன் இறைப்பு நிலையங்களும் உழுத சாலைவிட உறுதியான அடையாளங்களாயின. கம்பியில்லாத் தந்தியின் வழிகாட்டலும் மேம்பட்டது. 1937 முதல் இம்பீரியல் ஏர்வேஸ் இவ்வழியில் இயக்கிய பெரிய பறக்கும் படகுகள், கலிலேயா ஏரியில் எழும்பி, பாக்தாதுக்கு மேற்கேயுள்ள ஹப்பானியா ஏரியில் இறங்கின. இடையிலிருந்த பாலைவனத்தில் எங்கும் இறங்காமலே அவற்றின் பயணிகள் அதைக் கடந்தார்கள்.