காகிதத்தில் சிக்காத படம்

சோவியத் லாட்வியாவில் ஒரு படத்தைத் தடுக்க நினைத்தவர்கள் படப்பிடிப்பு தொடங்கும்வரை காத்திருக்கத் தேவையில்லை. திரைக்கதையை முதலில் ரீகா ஸ்டூடியோவின் ஆசிரியர் குழு படிக்கும். பிறகு அது மாஸ்கோ அதிகாரிகளின் மேசைக்குப் போகும். ஆகவே முதலில் மாட்டுபவர் இயக்குநர் அல்ல, எழுத்தாளர். இந்த ஏற்பாட்டுக்குள் திரைக்கதையாளர் ஹெர்ஸ் ஃபிராங்க் பல ஆண்டுகள் தாக்குப்பிடித்ததற்குத் துணிச்சலே காரணம் என்பார்கள். எனக்கு அவருடைய தொழில் நுணுக்கம்தான் பெரிதாகப் படுகிறது. படித்துப் பார்த்தால் பிடிபடாத படங்களை அவர் எழுதினார்.

ஃபிராங்க் 1926-ல் லாட்வியாவின் லுட்ஸாவில் பிறந்து, சட்டம் படித்து, பத்திரிகையாளராகவும் புகைப்படக்காரராகவும் இருந்தவர். அவர் திரைக்கதை எழுதி 1961-ல் இவார்ஸ் கிராவ்லீடிஸ் இயக்கிய 'வெள்ளை மணிகள்' படத்தில், ஒரு சிறுமி மணிப்பூக்களைத் தேடி ரீகாவின் போக்குவரத்து நெரிசலில் நடக்கிறாள். வசனம் என்று சொல்ல ஏறக்குறைய ஒன்றுமில்லை. சிவப்பு மை எதை அடிக்கும்? இன்னொரு எழுத்தாளரான குனார்ஸ் பிரீடேயின் அனுபவம் நேர் எதிர். அவர் எழுதிய 'நான்கு வெள்ளைச் சட்டைகள்' (1967), பாட்டெழுதும் தொலைபேசி ஊழியர் ஒருவரின் வரிகளைக் கலாசார அதிகாரிகள் துருவுவதைப் பற்றியது. தணிக்கையைக் காட்டிய அந்தப் படத்தைத் தணிக்கையே ஏறத்தாழ இருபது ஆண்டுகள் பெட்டிக்குள் பூட்டிவைத்தது.

மௌனம் அப்படியொன்றும் கவசமாக இருக்கவில்லையே என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. ஃபிராங்க் எழுதி உல்டிஸ் பிரௌன்ஸ் இயக்கிய '23,50,00,000' படம் வர்ணனை இல்லாமலே நாட்டைக் காட்டியது. அதற்கும் கத்தரி விழுந்தது. ஆனால் அது அக்டோபர் புரட்சியின் 50-ஆம் ஆண்டுக்கு அரசே கேட்ட படம்; முடிந்த படத்தைப் பார்த்துத்தான் வெட்ட முடிந்தது. காகிதத்தில் பிடி கிடைக்கவில்லை என்பதற்கு அதுவே சாட்சி. பேசாதிருப்பது நழுவல் என்ற குற்றச்சாட்டுதான் கனமானது. அதற்கு 1978-ல் வந்த ஃபிராங்கின் 'பத்து நிமிடம் மூத்தவன்' படம் பதில் சொல்கிறது. பொம்மலாட்டம் பார்க்கும் ஒரு சிறுவனின் முகத்தின் மேல் யூரிஸ் போட்னியெக்ஸின் கேமரா வெட்டே இல்லாமல் ஓடுகிறது. மேடை நம் கண்ணில் படுவதே இல்லை. பயம் வருகிறது, உதடு கோணுகிறது, பிறகு சிரிப்பு. இதற்கு ஒப்புதல் கேட்டு எதை எழுதிக் கொடுக்க முடியும்? 'சிறுவன் பார்க்கிறான்' என்பதற்கு மேல் எழுத என்ன இருக்கிறது?