தட்டோடு முதல் சிமெண்ட் பலகை வரை

ஆறுமுகநேரி போன்ற உப்பள ஊரில், ஒரு கட்டடத்தின் ஆயுளைச் சுவரின் கனத்தைவிட ஜாயிண்டுகள்தான் தீர்மானிக்கின்றன. பழைய கொத்தனார்கள் இதை அறிந்தே வேலை செய்தார்கள் என்பதற்குத் தட்டோடு பதித்த தட்டட்டிகளே, அதாவது தட்டை ஓடு பாவிய மொட்டைமாடிகளே, சாட்சி. மெட்ராஸ் டெரஸ் எனப்படும் அந்த முறையில், தேக்குக் கட்டைகளின் மேல் செங்கலைக் குத்தாக நிறுத்திச் சுண்ணாம்புக் காரையில் கட்டினார்கள். அதன்மேல் செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் சேர்ந்த கலவையைப் பரப்பி, கடுக்காயும் வெல்லமும் ஊறிய நீரைத் தெளித்துத் தெளித்து, மரக்கட்டையால் நாள்கணக்கில் அடித்து இறுக்கினார்கள். பிறகு தட்டோடு. கீழ்வரிசை ஜாயிண்டின் மேல் மேல்வரிசை ஓட்டின் நடுப்பகுதி உட்காரும்படி மாற்றிப் பதித்தார்கள். ஒரு ஜாயிண்டில் இறங்கிய நீருக்கு அடுத்த ஜாயிண்டுக்கு நேர்வழி கிடைக்காது. வெயிலில் தளம் விரிந்து சுருங்கும்போது சுண்ணாம்பு ஓரளவு இசைந்து கொடுக்கும். மயிரிழை விரிசலில் நீர் புகுந்தால், அந்த நீரில் கரைந்த சுண்ணாம்பே மறுபடி படிந்து விரிசலை அடைக்கும்.

சிமெண்ட் சுண்ணாம்பை விட உறுதியானதாயிற்றே என்று கேட்கலாம். உறுதிதான். இந்தியாவில் போர்ட்லண்ட் சிமெண்ட் தயாரிக்கும் முதல் முயற்சி 1904இல் சென்னையில் கடற்சிப்பியைக் கொண்டு நடந்தது. 1949இல் நெல்லைக்குப் பக்கத்தில் தாழையூத்திலேயே ஆலை ஓடத் தொடங்கியது. சுண்ணாம்பு வேலைக்குத் தேவையான ஆளும் நாளும் இன்று எவருக்கும் கட்டுப்படியாகாது என்பதும் நியாயமே. ஆனால் ஜாயிண்டுக்கு வேண்டியது உறுதி மட்டுமல்ல, இசைவும். தளம் முழுக்க ஒரே பூச்சாகச் சிமெண்டை இழுத்துவிட்டால் அது வெடிக்கிறது. வெடிப்பில் உப்பு இறங்குகிறது. கம்பி துருப்பிடித்து உப்பிக் கான்கிரீட்டைப் பெயர்க்கிறது.

ஜாயிண்டின் இந்தப் பாடம் குளியலறைக்கும் பொருந்தும். 1901இல் ஆஸ்திரியாவின் லுட்விக் ஹாட்செக் காப்புரிமை பெற்ற இழைச் சிமெண்ட் தகட்டின் வழியில் வந்தவைதான், இன்று குளியலறை டைலுக்கு அடியில் வைக்கும் சிமெண்ட் பலகைகளில் ஒரு வகை. இந்தப் பலகைகள் அந்தப் பழைய அறிவைத் திரும்பக் கேட்கின்றன. இரண்டு பலகைகளை முட்டக் கூடாது. சுமார் 3 மில்லிமீட்டர் இடைவெளி விட்டு, டைல் பசையால் நிரப்பி, கண்ணாடியிழை வலை நாடாவை அதில் அழுத்திப் பதிக்க வேண்டும். சிமெண்டின் காரம் சாதாரணக் கண்ணாடியிழையை அரித்துவிடும் என்பதால், காரம் தாங்கும் நாடாதான் ஆகும். மேலே டைல் இருக்கும்போது இதெல்லாம் எதற்கு என்பார்கள். டைலின் இடுக்குப் பூச்சு நீரை விடும்; பலகை அழுகாதே தவிர, அதுவும் நீரை விடும். ஆகவே நாடாவுக்கு மேல் நீர்க்காப்புப் பூச்சும் தேவை. பலகைக்குத் தாராளமாகச் செலவழித்துவிட்டு நாடாவிலும் பூச்சிலும் மிச்சம் பிடிக்கும் வேலை இந்தக் கரையில் நிற்காது.