சம உரிமைத் திருத்தமும் பெண்களிடையேயான பிளவும்

சம உரிமைத் திருத்தம் என்பது, பால் அடிப்படையில் எவருக்கும் சட்டத்தின் முன் சம உரிமை மறுக்கப்படக்கூடாது என்ற உறுதியை ஐக்கிய அமெரிக்க அரசியலமைப்பில் சேர்க்க முன்மொழியப்பட்ட திருத்தமாகும். இதனை ஆதரித்தோரிலும் எதிர்த்தோரிலும் முன்னணியில் நின்றவர்கள் பெண்களே.

முதற் பிளவு

1920 இல் பெண்கள் வாக்குரிமை பெற்றபின், தேசியப் பெண்கள் கட்சியின் ஆலிஸ் பால் இத்திருத்தத்தை வரைந்தார். 1923 இல் இது காங்கிரசில் முன்வைக்கப்பட்டது. பெண்களின் வேலை நேரத்தை வரையறுத்த தொழிலாளர் சட்டங்கள் இதனால் செல்லாததாகிவிடும் என்று அஞ்சிய புளோரன்ஸ் கெல்லி முதலான சீர்திருத்தவாதிகள் இதனை எதிர்த்தனர். அத்தகைய பாதுகாப்பே பெண்களை நல்ல வேலைகளிலிருந்து விலக்குகிறது என்பது ஆதரவாளர்களின் வாதம். ஆலைத் தொழிலாளியான பெண்ணுக்கு இது வெறும் கோட்பாட்டுச் சிக்கலன்று. அவளது வேலை நேரத்தையும் கூலியையும் நேரடியாகத் தொட்டது.

1964 ஆம் ஆண்டின் குடிசார் உரிமைச் சட்டம் வேலைவாய்ப்பில் பால் வேறுபாட்டைத் தடை செய்தது. அதன் விளைவாகப் பெண்களுக்கு மட்டுமான தொழிற் சட்டங்கள் வலுவிழந்தன. தொழிற்சங்கங்களின் எதிர்ப்பும் தணிந்தது.

இரண்டாவது பிளவு

1972 மார்ச் 22 இல் செனட் சபை 84-8 என்ற வாக்குகளில் திருத்தத்தை நிறைவேற்றியது. ஏழு ஆண்டுகளுக்குள் 38 மாநிலங்களின் ஒப்புதல் தேவைப்பட்டது. அவ்வாண்டிலேயே ஃபிலிஸ் ஷ்லாஃப்லி எதிர்ப்பு இயக்கமொன்றைத் தொடங்கினார். பெண்கள் கட்டாயப் படைச்சேவைக்கு அழைக்கப்படுவர், மனைவியைப் பேணும் கணவனின் சட்டக் கடமை நீங்கும் என்று இவ்வியக்கத்தினர் எச்சரித்தனர். இல்லத்தரசிகள் பலர் இதில் இணைந்து, தாம் சுட்ட ரொட்டிகளைச் சட்டமன்ற உறுப்பினர்களுக்கு வழங்கி ஆதரவு திரட்டினர். கணவனை மட்டுமே நம்பியிருக்கும் நிலையே பெண்ணுக்குப் பாதுகாப்பற்றது என்று பெண்களுக்கான தேசிய அமைப்பு முதலியன மறுத்துரைத்தன.

1977 நவம்பரில் ஹியூஸ்டன் நகரில் நடந்த தேசியப் பெண்கள் மாநாடு திருத்தத்தை ஆதரித்தது. அதே வேளையில் அதே நகரில் எதிர்ப்பாளர்களும் பெருங்கூட்டம் கூட்டினர்.

முடிவும் பின்னிகழ்வுகளும்

1977 வரை 35 மாநிலங்கள் ஒப்புதல் அளித்தன. அவற்றுள் ஐந்து, பின்னர் அதனைத் திரும்பப்பெற வாக்களித்தன. நீட்டிக்கப்பட்ட காலக்கெடுவும் 1982 சூன் 30 இல் முடிந்தது. பின்னர் நெவாடா (2017), இலினாய் (2018), வர்ஜீனியா (2020) ஆகியன ஒப்புதல் அளித்ததால் எண்ணிக்கை 38 ஆனது. எனினும், காலக்கெடு கடந்துவிட்டதால் திருத்தத்துக்குச் சான்றளிக்க இயலாதென 2024 டிசம்பரில் தேசிய ஆவணக் காப்பாளர் அறிவித்தார். 2025 சனவரியில் அப்போதைய குடியரசுத் தலைவர் ஜோ பைடன், திருத்தம் நடைமுறைக்கு வந்துவிட்டதாகத் தம் கருத்தை வெளியிட்டார். ஆயினும் அது அதிகாரபூர்வமாக வெளியிடப்படவில்லை.