பாரோவின் எக்காளம்: ஊதியது யார்?

பழைய எகிப்தில் மன்னர் போரில் ஜெயித்துத் திரும்பும்போது என்ன வாசித்திருப்பார்கள்? நீளமான எக்காளங்கள், அணிவகுத்து வரும் படை, கம்பீரமாக ஒரு மெட்டு... உலகத்தில் நிறைய பேர் மனதில் இப்படித்தான் ஒரு காட்சி இருக்கிறது. அதில் பெரும்பங்கு ஒரு இத்தாலியரின் கற்பனை!

கதை இதுதான். எகிப்தை ஆண்ட இஸ்மாயில் பாஷாவுக்குத் தன் தலைநகர் பாரிஸ் மாதிரி ஆகவேண்டும் என்று ஆசை. 1869-ல் கெய்ரோவில் ஓபரா அரங்கம் கட்டினார். ஓபரா என்றால் வசனத்தையும் பாடியே நடிக்கும் நாடகம். பிறகு எகிப்தைப் பற்றியே ஒரு ஓபரா வேண்டும் என்று ஜூசெப்பே வெர்டியைக் கேட்டார். சம்பளம் 1,50,000 பிராங்க். கதைச் சுருக்கம் கொடுத்தவர் மரியெட் என்ற பிரெஞ்சுத் தொல்லியலாளர். பாட்டு வரிகள் இத்தாலிய மொழியில். பெயர் 'அயீடா'.

வெர்டிக்கு ஒரு சிக்கல். பாரோக்கள் காலத்து இசைக்கு ஸ்வரக் குறிப்பு எதுவும் கிடைக்கவில்லை. கல்லறை ஓவியங்களில் வாத்தியங்கள் தெரிகின்றன, சத்தம் கேட்காதே! அதனால் நேரான நீண்ட எக்காளங்களை இந்த ஓபராவுக்கென்றே புதிதாகச் செய்யச் சொன்னார். மொத்தம் ஆறு. மூன்று ஒரு சுருதியில், மூன்று அதைவிட உயர்ந்த சுருதியில். முதல் மூன்றும் வாசித்து முடித்ததும் அடுத்த மூன்றும் அதே மெட்டை மேலே தூக்கும்போது சிலிர்க்கும். 1871 டிசம்பர் 24 அன்று கெய்ரோவில் அரங்கேற்றம். வந்தவர்கள் எல்லாம் அழைக்கப்பட்ட பெரிய மனிதர்கள். சாதாரண எகிப்தியருக்கு அங்கே இடமில்லை.

இனி வங்கிக்காரன் புத்தி எங்கே போகும், கணக்குப் பக்கம்தான் :-) இஸ்மாயில் வாங்கிய கடனில் இந்த ஓபராச் செலவு வெறும் தூசு. ரயில், கால்வாய், அரண்மனை என்று எல்லாமே ஐரோப்பியக் கடன். 1875-ல் சூயஸ் கால்வாய்ப் பங்குகளைச் சுமார் 40 லட்சம் பவுண்டுக்கு பிரிட்டனுக்கு விற்றார். 1876-ல் கடனைக் கட்ட முடியாமல் கைவிரித்தார். 1879-ல் பதவி போயிற்று. 1882-ல் பிரிட்டிஷ் படை வந்து உட்கார்ந்துவிட்டது. வெற்றி ஊர்வல மெட்டு மேடையில் ஒலித்து பதினோரு வருஷத்தில் நாடே கைமாறிவிட்டது.

உண்மையான எக்காளம் கிடைத்தது அதற்குப் பிறகுதான். 1922-ல் திறக்கப்பட்ட துட்டன்காமன் கல்லறையில் இரண்டு இருந்தன. ஒன்று வெள்ளி, இன்னொன்று செம்புக் கலவை. நீளம் இரண்டடிக்கும் குறைவு! 1939 ஏப்ரலில் பிபிசி வானொலிக்காக பிரிட்டிஷ் ராணுவ இசைக்காரர் ஒருவர் அவற்றை ஊதினார். 3,000 வருஷத்துக்கும் மேல் தூங்கிய வாத்தியம் விழித்தது. ஆனால் அவர் வாய் வைக்கும் இடத்தில் நவீன வாத்தியக் குமிழைச் செருகிக்கொண்டு, தனக்குப் பழகிய ராணுவ மெட்டை வாசித்தார். உண்மையில் அந்த எக்காளத்தில் சிரமமில்லாமல் வருவது ஓரிரு ஸ்வரம்தான். ஆக, வாத்தியம் பாரோவுடையது, இசை வேறு யாருடையதோ.

2021 ஏப்ரல் 3 அன்று 22 அரச மம்மிகளை கெய்ரோவில் புது அருங்காட்சியகத்துக்கு ஊர்வலமாக எடுத்துப்போனார்கள். பழைய எகிப்திய மொழியிலேயே பாட்டு. இசையமைத்தவர் ஹிஷாம் நஸீஹ் என்ற எகிப்தியர். மெட்டு புதிது. அந்த எழுத்தில் உயிரெழுத்து கிடையாது என்பதால் உச்சரிப்பிலும் பாதி ஊகம்தான். இதுவும் கற்பனையே.

ஆனால் இரண்டும் ஒன்றா? என் கணக்கில் இல்லை. தொலைந்த இசையை யாராலும் மீட்க முடியாது. கற்பனை செய்யத்தான் வேண்டும். யார் செய்கிறார்கள், யாருக்காக என்பதில்தான் வித்தியாசம். 1871-ல் தன் நாட்டைப் பற்றிய கனவை ஒரு அரசர் வெளியூரில் ஆர்டர் கொடுத்து வாங்கினார். 2021-ல் அந்த ஊர்க்காரர்கள் தாங்களே பாடி, டிவியில் ஊர் முழுக்கக் கேட்டார்கள்.

இஸ்மாயில் கட்டிய அரங்கம் 1971-ல் எரிந்துபோனது. அந்த இடத்தில் பின்னால் கார் நிறுத்துமிடம் வந்தது. மெட்டு மட்டும் அழியவில்லை. மூன்றுமே இணையத்தில் கிடைக்கின்றன. ஞாயிற்றுக்கிழமை பிள்ளைகளை உட்கார வைத்துப் போட்டுக்காட்டுங்கள். எது நிஜ எகிப்து என்று கேட்டுப் பாருங்கள், சுவாரசியமான சண்டை நிச்சயம்!