நோயாளிக்காக நீட்டிய கைகள்

நம் பகுதியில் ஒருவருக்குக் கடும் நோய் என்றால் முதலில் எழும் கேள்வி, “சேலமா, வேலூரா, பெங்களூரா?” என்பதே. 2008-ல் தருமபுரியில் அரசு மருத்துவக் கல்லூரி வரும்வரை வேறு விடை அரிது. ஆட்டை விற்று, நகையை அடகு வைத்து, அதுவும் தீர்ந்த பிறகே நோயாளியின் வீட்டார் பிறர் வாசலுக்கு வருவர். அதற்குள் நோய் முற்றியிருக்கும். கேட்பதற்கு அத்தனை வெட்கம்.

அந்த வெட்கத்தைப் போக்கவே நம் தாய்மார்கள் பிடியரிசி வைத்தார்கள் என்பது என் எண்ணம். உலை வைக்குமுன் ஒரு பிடி அரிசியைத் தனிக் கலயத்தில் போடுவது. வாரக் கடைசியில் அதைச் சேர்த்து விற்பது. கொடுத்தவர் யாரென்று அரிசிக்குத் தெரியாது.

வின்சென்ட் தே பவுல் சபையின் பை இதே வகை. 1833-ல் பாரிஸ் நகரில் பிரெடரிக் ஓசானாம் என்ற இருபது வயது மாணவர் தம் தோழர்களுடன் தொடங்கிய சபை இது. கூட்ட முடிவில் பை சுற்றி வரும். மூடிய கையை உள்ளே விட்டு எடுக்க வேண்டும். போட்டது ரூபாயா, வெறுங்கையா என்று பக்கத்தில் இருப்பவர்கூட அறியார். மொய் நோட்டு இதற்கு நேர் எதிர். அதில் பெயரும் தொகையும் ஏறும், திருப்பிச் செய்யும் கடனும் ஏறும். மொய்யைக் குறை சொல்லவில்லை. ஆனால் திருப்பித்தர இயலாத நோயாளிக்கு அது பாரம்.

நம் மாவட்டத்திலேயே பெரிய சான்று சிட்லிங்கிப் பள்ளத்தாக்கு. 1993-ல் டாக்டர் ரெஜி ஜார்ஜும் அவர் துணைவியார் டாக்டர் லலிதாவும் அங்கே ஒரு குடிசையில் மருத்துவம் தொடங்கினர். அக்குடிசையைக் கட்டித் தந்தவர்கள் பழங்குடி மக்களே. அப்போது பிறந்த ஆயிரம் குழந்தைகளில் 147 குழந்தைகள் ஓராண்டு நிறையுமுன் இறந்தன. அறுவைச் சிகிச்சையென்றால் மலையிறங்கி நெடுந்தூரம் போகவேண்டும். பணமில்லாத அம்மக்கள் ஓலையும் மூங்கிலும் உழைப்புமாகத் தந்ததை நன்கொடைப் பட்டியல் எதிலும் எழுத முடியாது. அது மருத்துவமனையாக வளர்ந்தது. குழந்தை மரணம் வெகுவாகக் குறைந்தது.

2009-ல் கலைஞர் காப்பீட்டுத் திட்டமும், 2012-ல் முதலமைச்சரின் விரிவான காப்பீட்டுத் திட்டமும் வந்தபின் ஏழைகளுக்கு அறுவைச் சிகிச்சைச் செலவு பெரிதும் குறைந்தது. ஆயினும் கைநீட்டுதல் நின்றுவிடவில்லை. 2021-ல் தசைநலிவு நோயுற்ற தமிழகக் குழந்தை ஒன்றுக்கு 16 கோடி ரூபாய் விலையுள்ள ஒரே ஊசிக்காக முகமறியாத பல்லாயிரவர் கொடுத்தனர். மத்திய அரசு இறக்குமதி வரியைத் தள்ளுபடி செய்தது.

நம்மிடம் வரும் கேள்விகள் அவ்வளவு பெரியவை அல்ல. காப்பீட்டு அட்டையில் அடங்காதவை: துணைக்கு இருப்பவர் சாப்பாடு, பஸ் கட்டணம், வீட்டில் நின்றுபோன கூலி. சென்ற மாதமும் நம் சபையின் பை அதற்காகத்தான் சுற்றி வந்தது.