ஆவடித் தீர்மானமும் அரபுச் சோசலிசமும்

1955 ஜனவரியில், சென்னைக்கு மேற்கே ஆவடியில் யு.என். தேபர் தலைமையில் கூடிய இந்திய தேசியக் காங்கிரசின் 60-ஆவது மாநாடு, நாட்டின் குறிக்கோள் 'சோசலிச பாணிச் சமுதாயம்' என்று தீர்மானம் நிறைவேற்றியது. முதன்மையான உற்பத்திச் சாதனங்கள் சமூகத்தின் உடைமையிலோ கட்டுப்பாட்டிலோ இருக்க வேண்டும் என்பது அதன் சாரம். மக்களவை இதே கருத்தை ஒரு மாதம் முன்பே ஏற்றிருந்தது. பிப்ரவரியில் நேரு கெய்ரோவில் கமால் அப்துல் நாசரைச் சந்தித்தார்; ஏப்ரலில் நாசர் டெல்லி வழியாகப் பாண்டுங் மாநாட்டுக்குச் சென்றார். அன்று தொடங்கிய இரு ஆட்சிகளின் நெருக்கத்தால், எகிப்தின் சோசலிசத்தை இந்தியச் சோசலிசத்தின் உடன்பிறப்பாகப் பார்க்கும் வழக்கம் ஏற்பட்டது. திட்டங்களை மட்டும் பார்த்தால் அந்த உறவு உண்மைதான். ஆனால் திட்டத்தை எதிர்த்தவர்கள் எங்கே நின்றார்கள் என்று கேட்டால் இரண்டும் வெவ்வேறு குடும்பங்கள். இன்றைய அரபுக் குடியரசுகளின் நிலையை விளக்க இந்த இரண்டாவது கேள்வியே கூடுதலாக உதவும்.

1955-இல் நாசர் சோசலிசவாதி அல்லர். 1952 ஜூலை 23 அன்று முடியாட்சியைக் கவிழ்த்த சுதந்திர அதிகாரிகள் குழு அந்நிய முதலீட்டை வரவேற்றது, வேலைநிறுத்தத்துக்கு அஞ்சியது. ஆட்சிக்கு வந்த சில வாரங்களில் கஃபர் அல்தவ்வார் பஞ்சாலைத் தொழிலாளர் போராட்டத்தை இராணுவத்தால் அடக்கி, இரண்டு தொழிலாளரைத் தூக்கிலிட்டது. பொருளாதாரம் அரசின் கைக்கு வந்தது சூயஸ் வழியாக. 1956 ஜூலை 26 அன்று கால்வாய் நாட்டுடைமையானது. அதை ஒட்டி நடந்த படையெடுப்புக்குப் பின் பிரிட்டிஷ், பிரெஞ்சுச் சொத்துகள் பறிமுதலாயின. 1961 ஜூலைச் சட்டங்கள் வங்கி, காப்பீடு, பெருந்தொழில் அனைத்தையும் அரசுடைமை ஆக்கின. 1962-இல் தேசிய சாசனமும் அரபு சோசலிச ஒன்றியம் என்ற ஒரே கட்சியும் வந்தன. அதாவது எகிப்தில் உடைமை முதலில் கைமாறியது, கோட்பாடு பிறகு எழுதப்பட்டது. ஆவடியில் கோட்பாடு முந்தியது. இம்பீரியல் வங்கி 1955 ஜூலையில் ஸ்டேட் வங்கியானதும், 1956-இல் எல்.ஐ.சி. பிறந்ததும், பெருந்தொழிலை அரசுத் துறைக்கு ஒதுக்கிய தொழிற்கொள்கைத் தீர்மானமும் அதன் பின்னரே.

பலனை எடை போட்டால் எகிப்தின் தட்டு பல இடங்களில் தாழும் என்பதை மறைக்க வேண்டியதில்லை. 1952 நிலச் சீர்திருத்தம் ஒருவருக்கு 200 ஃபெத்தான் என்று உச்சவரம்பு வைத்தது (ஒரு ஃபெத்தான் ஏக்கருக்குச் சற்றுக் கூடுதல்). அது 1961-இல் 100 ஆகவும் 1969-இல் 50 ஆகவும் குறைந்தது. சாகுபடி நிலத்தில் ஏறத்தாழ எட்டில் ஒரு பங்கு கைமாறியது. சென்னை மாநிலத்தின் 1961 நில உச்சவரம்புச் சட்டம் 30 தர ஏக்கர் என்று கண்டிப்பாகத் தோன்றும் வரம்பை வைத்தது. விதிவிலக்குகளும் பினாமிப் பத்திரங்களும் அதை உள்ளிருந்தே அரித்தன. 1970-இல் தி.மு.க. அரசு வரம்பை 15 ஆக்கிய பிறகும் தஞ்சையின் பெருநிலங்கள் எளிதில் அசையவில்லை. சட்டமன்றத்தில் நிலக்கிழார்களும் உட்கார்ந்திருந்தனர் என்பது ஒரு காரணம். கெய்ரோவில் அவர்களை உட்காரவிட்ட சட்டமன்றம் இல்லை. விவசாயக் கூலியின் பக்கம் நின்று பார்ப்பவருக்கு இது சர்வாதிகாரத்தின் கணக்கில் ஒரு வரவாகவே தெரியும். அந்தக் கணக்கை ஒரேயடியாகத் தள்ளிவிட முடியாது.

செலவு வேறு பக்கத்தில் எழுதப்பட்டது. 1953 ஜனவரியில் வஃப்து உட்பட எல்லாக் கட்சிகளும் கலைக்கப்பட்டன. 1954 அக்டோபர் கொலை முயற்சிக்குப் பின் முஸ்லிம் சகோதரத்துவ அமைப்பினர் சிறைகளை நிரப்பினர். 1959 முதல் பொதுவுடைமையினரும் அங்கே சேர்ந்தனர். வங்கிகளை நாட்டுடைமையாக்கக் கோரியவர்கள் சிறையில் இருக்கும்போதே வங்கிகள் நாட்டுடைமையாயின. அவர்களுள் ஒருவரான ஷுஹ்தி அத்தியா 1960-இல் காவலர் அடித்ததில் இறந்தார். குருஷ்சேவ் 1964 மே மாதம் வருவதற்குச் சற்று முன்பு எஞ்சியவர்கள் விடுதலையானார்கள். அடுத்த ஆண்டு தங்கள் கட்சியைத் தாங்களே கலைத்தார்கள். 1957-இல் அமைந்த தொழிற்சங்கக் கூட்டமைப்பு தொடக்கத்திலேயே அரசின் ஓர் உறுப்பாக இருந்தது.

ஆவடித் தீர்மானத்துக்கும் எதிரிகள் இருந்தனர். 1959 நாக்பூர் மாநாடு கூட்டுறவுப் பண்ணையை முன்வைத்ததும், அதே ஆண்டு ராஜாஜி முதலியோர் சுதந்திராக் கட்சியை அறிவித்தது சென்னையில்தான். உரிம-அனுமதி ஆட்சி என்று சோசலிசத்தைக் கிண்டலடித்த அந்தக் கட்சி 1967-இல் மக்களவையில் 44 இடங்களைப் பிடித்தது. தமிழகத்தில் தி.மு.க.வுடன் சேர்ந்து காங்கிரசை வீழ்த்தியது. சோசலிச பாணிக்குத் தமிழ்நாட்டு முகமாக இருந்த காமராசர் விருதுநகரில் ஒரு மாணவர் தலைவரிடம் தோற்றார். அது பிப்ரவரி. ஜூனில் நாசர் ஆறு நாள் போரில் சினாயை இழந்து, 9-ஆம் தேதி பதவி விலகுவதாக அறிவித்தார்; கெய்ரோ மக்கள் வீதியில் திரண்டு வேண்டாம் என்று மன்றாட, மறுநாளே திரும்பினார். நாசர் மீது மக்களுக்கு இருந்த பற்று பொய்யன்று. ஆனால் அவர் போனால் அவருடைய இடத்தை யார், எந்த முறையில் நிரப்புவார்கள் என்று சொல்ல அங்கே எந்த ஏற்பாடும் இல்லை. காமராசர் தோற்ற மறுவாரம் அவருடைய மதிய உணவுத் திட்டம் நின்றுவிடவில்லை.

வேலைவாய்ப்பில் இந்த வேறுபாடு இன்னும் ஆழமாகப் படிந்தது. 1960-களில் எகிப்து பல்கலைக்கழகக் கல்வியை இலவசமாக்கி, பட்டம் பெற்ற ஒவ்வொருவருக்கும் அரசு வேலை என்று உறுதி தந்தது. அரசியல் பேசாதிருப்பதற்கு ஈடாக வேலை, மானிய ரொட்டி, கட்டுப்படுத்திய வாடகை என்ற எழுதாத உடன்படிக்கை இது. சிரியா, ஈராக் பாத் கட்சி ஆட்சிகளும் பூமெதியனின் அல்ஜீரியாவும் இதன் வெவ்வேறு பதிப்புகளை நடத்தின. ஆவடியில் 1961-இல் தொடங்கிய கனரக வாகனத் தொழிற்சாலை 1965-இல் முதல் விஜயந்தா டாங்கியை வெளியிட்டபோது, ஹெல்வானில் எகிப்து தன் சொந்தப் போர் விமானத்தைச் சோதித்துக்கொண்டிருந்தது. 1964 மார்ச்சில் அதை முதன்முதலில் ஓட்டியவர் இந்திய விமானப்படை அதிகாரி கபில் பார்கவா. ஆயுதத் தொழிலில் தன்னிறைவு என்ற கனவு இரு ஆட்சிகளுக்கும் பொதுவாக இருந்தது. ஆனால் ஆவடியிலோ அம்பத்தூர்த் தொழிற்பேட்டையிலோ வேலை என்பது அரசு குடிமகனுக்குக் கொடுத்த வாக்கு அல்ல. வேலைவாய்ப்பு அலுவலகப் பதிவு, தேர்வு, இடஒதுக்கீடு ஆகியவற்றின் வழியே போட்டியிட்டுப் பெற வேண்டியது. கிடைத்தபின் சங்கம் வைத்துக் காக்க வேண்டியது. அந்தப் பாதுகாப்பும் அசைக்க முடியாததன்று. 2021-இல் படைக்கலத் தொழிற்சாலை வாரியம் கலைக்கப்பட்டு, ஆவடித் தொழிற்சாலை கவச வாகன நிறுவனம் என்ற அரசு கம்பெனிக்குள் வந்தது. எதிர்த்த சங்கங்களின் வேலைநிறுத்தத்தைத் தடுக்க நாடாளுமன்றம் தனிச் சட்டமே இயற்றியது. வாக்குரிமை உள்ள நாட்டிலும் தொழிலாளியின் குரலுக்கு எல்லை உண்டு என்பதற்கு வேறு சான்று தேட வேண்டியதில்லை.

நாசருக்குப் பின் சாதாத் 1974-இல் கதவைத் திறந்தார். 'இன்ஃபிதாஹ்' எனப்பட்ட இந்தத் தாராளமயம் உடன்படிக்கையின் ஒரு பாதியை மட்டும் கைவிட்டது: வேலையும் மானியமும் சுருங்கின, பேச்சுரிமை விரியவில்லை. பன்னாட்டு நாணய நிதியத்தின் வற்புறுத்தலில் ரொட்டி முதலியவற்றின் மானியம் வெட்டப்பட்டதும் 1977 ஜனவரி 18, 19 நாள்களில் அலெக்சாந்திரியா முதல் அஸ்வான் வரை நகரங்கள் கொந்தளித்தன. ஏறத்தாழ 80 பேர் இறந்தனர். மானியம் திரும்பியது, உடனே வேலைநிறுத்தத்துக்கும் ஆர்ப்பாட்டத்துக்கும் ஆயுள் கடுந்தண்டனை வரை விதிக்கும் சட்டம் ஒன்றும் வாக்கெடுப்பு என்ற பெயரில் வந்தது. அதே ஜனவரி 18 அன்றுதான் டெல்லியில் இந்திரா காந்தி தேர்தலை அறிவித்தார். அதற்கு முந்தைய பத்தொன்பது மாத நெருக்கடிநிலையில் இந்தியாவும் கெய்ரோவின் பாதையில் வெகுதூரம் போயிருந்தது. எதிர்க்கட்சியினர் சிறையில் இருந்தனர், தமிழகத்தில் தி.மு.க. அரசு 1976 ஜனவரி 31 அன்று கலைக்கப்பட்டிருந்தது. எனவே இந்தியர் இயல்பிலேயே ஜனநாயகர், அரபியர் இயல்பிலேயே அடிபணிபவர் என்று பேச இடமில்லை. திரும்பி வருவதற்கு ஒரு வழி இங்கே அடைபடாமல் இருந்தது. மார்ச் தேர்தலில் ஆட்சி அதன் வழியே வெளியேறியது.

அரபு நாடுகளின் எதேச்சாதிகாரத்துக்குச் சமயத்தைக் காரணம் காட்டுவோர், மேற்சொன்ன ஆட்சிகள் பெரும்பாலும் மதச்சார்பற்ற மொழியில் பேசியவை என்பதை விளக்கியாக வேண்டும். துனீசியா 1956-லேயே பலதார மணத்தைத் தடை செய்தது. எண்ணெய் வருவாய் வாதம் வலுவானது. வரி கேட்காத அரசிடம் குடிமக்கள் கணக்குக் கேட்பதில்லை என்ற இக்கருத்தை வளர்த்தவர்களுள் ஒருவர் எகிப்தியப் பொருளியலர் ஹாசிம் அல்பப்லாவி. 2013 இராணுவத் தலையீட்டுக்குப் பின் அவரே எகிப்தின் பிரதமரானது வரலாற்றின் குறும்பு. வளைகுடா முடியாட்சிகளுக்கு இவ்வாதம் பொருந்துகிறது. அங்கே 1973 விலை உயர்வுக்குப் பின் எழுந்த வேலைகளுக்கு முதலில் எகிப்தியர், ஏமனியர், பாலஸ்தீனர் வந்தனர். அரபி பேசும் தொழிலாளி அரபு அரசியலையும் சுமந்து வருவான் என்ற அச்சம் ஆட்சியாளருக்கு இருந்தது. 1990-91 வளைகுடாப் போரை ஒட்டி ஏமனியர் சவுதியிலிருந்தும் பாலஸ்தீனர் குவைத்திலிருந்தும் வெளியேற நேர்ந்தது. தமிழர் உள்ளிட்ட தெற்காசியத் தொழிலாளருக்கு அங்கே இடம் பெருகியதில் குறைந்த கூலியோடு இந்த அச்சத்துக்கும் பங்குண்டு. எகிப்துக்கும் சிரியாவுக்கும் துனீசியாவுக்கும் அந்த அளவு எண்ணெய் இல்லை. அவற்றின் நிலையை விளக்க, சங்கமும் கட்சியும் அரசுக்குள் கரைக்கப்பட்ட வரலாற்றுக்கே திரும்ப வேண்டும்.

துனீசியாவே இதற்கு உரைகல். அதன் தொழிலாளர் பொதுச் சங்கமான யு.ஜி.டி.டி., பிரெஞ்சு ஆட்சிக் காலத்தில் 1946-இல் தோன்றியது. புர்கிபாவின் ஒரு கட்சி ஆட்சியால் அதை வளைக்க முடிந்தது, விழுங்க முடியவில்லை. 1978 ஜனவரியில் அது நடத்திய பொது வேலைநிறுத்தம் இரத்தத்தில் முடிந்தும் சங்கம் எஞ்சியது. 2010 டிசம்பர் 17 அன்று சீதி பூசீதில் தெருவியாபாரி முகமது பூஅசீசி தீக்குளித்தபோது எழுந்த கோபத்தை ஊர் ஊராகக் கொண்டு சென்றவை அதன் கிளைகள். ஜனவரி 14 அன்று அதிபர் பென் அலி நாட்டை விட்டோடினார். 2013 நெருக்கடியில் கட்சிகளைப் பேச்சுக்கு அமர்த்திய நான்கு அமைப்புகளில் ஒன்றாக இருந்து, 2015 நோபல் அமைதிப் பரிசைப் பகிர்ந்ததும் இதே சங்கம். எகிப்தில் மஹல்லா பஞ்சாலைத் தொழிலாளர் 2006 முதல் துணிந்து போராடியும், கூட்டமைப்பு அரசின் பக்கம் இருந்ததால் தஹ்ரீர் சதுக்கக் கிளர்ச்சிக்கு நாடு தழுவிய அமைப்பு வாய்க்கவில்லை. அதிபர் முபாரக் விலகியபின் களத்தில் எஞ்சியவை இரண்டே: இராணுவமும் சகோதரத்துவ அமைப்பும். 2013 ஜூலையில் முன்னது பின்னதை அகற்றியது. துனீசியாவின் பாதுகாப்பும் நிலைக்கவில்லை. 2021 ஜூலையில் அதிபர் கைஸ் சயீத் நாடாளுமன்றத்தை முடக்கியபோது, பத்தாண்டு வேலையின்மையில் களைத்திருந்தவர்களில் பலர் அதை வரவேற்றனர்.

அதே எழுதாத உடன்படிக்கையின் வேறு பதிப்பை நடத்திய அல்ஜீரியா 1988 கலவரத்துக்குப் பின் கட்சிகளை அனுமதித்தது. 1991 டிசம்பர் தேர்தலின் முதற்சுற்றில் இஸ்லாமிய மீட்பு முன்னணி வென்றதும் இராணுவம் தேர்தலை நிறுத்தியது, உள்நாட்டுப் போர் தொடர்ந்தது. 1963 முதல் சிரியாவை ஆண்ட பாத் கட்சியின் ஆட்சி 2024 டிசம்பர் 8 அன்று பஷார் அல்அசாத் தப்பியோடியதோடு முடிந்தது. அடுத்த மாதம் புதிய ஆட்சியாளர் ஒரே அறிவிப்பில் கட்சியையும் நாடாளுமன்றத்தையும் இராணுவத்தையும் கலைத்தனர். பழைய ஆட்சி நிரப்பிவைத்த அரசு வேலைகளைக் குறைப்பதும் அரசு நிறுவனங்களைத் தனியாரிடம் விடுவதும் அவர்களின் முதல் பொருளாதாரத் திட்டங்களில் இடம்பெற்றன.